புற்றுக்குப் பால் வார்த்த வெள்ளிக்கிழமை

கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள், கண்ணுகளா. பின்னால் இருப்பவர்களும் இப்படி முன்னால் வந்துவிடுங்கள். இது உரக்கச் சொல்கிற கதை இல்லை. மனிதர்களும் கரையான்களும் ஒரு வாக்குக்குக் கட்டுப்பட்டு ஒரே மண்ணில் வாழ்ந்த கதை, அந்த வாக்கு உடைந்துபோன கதை. முழுசாகச் சொல்லிவிட்டுத்தான் எழுந்திருப்பேன். நடுவில் பயமாக இருந்தால் பக்கத்தில் இருப்பவர் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

ராசிபுரத்துக்கு வடக்கே, பனமரத்துப்பட்டிக்குப் போகிற தடத்தில் செம்மண்பாளையம் என்று ஓர் ஊர். எழுபது வீடு இருக்கும். பாதிப்பேர் காட்டு வேலை, பாதிப்பேர் தறி. அந்த நாளில் அந்தப் பக்கத்து மண்ணுக்குள் இருந்த எல்லாவற்றுக்கும் பேச்சு உண்டு. தவளை பேசும், ஆனால் சொன்னதையே சொல்லிக்கொண்டிருக்கும். பாம்பு பேசும், ஆனால் யாரும் நின்று கேட்டதில்லை. யோசித்துப் பேசுவது கரையான் மட்டுந்தான்.

எப்படிப் பேசும் என்கிறீர்களா? தலையால் தட்டும். லட்சம் தலைகள் ஒரே நேரத்தில் மண்ணில் தட்டினால் அது ஒரு சொல். ஊருக்குக் கிழக்கே ஆள் உயரத்தைத் தாண்டி ஒரு புற்று நின்றது. அதில் ஒரு பனம்பலகையைச் சாய்த்து, பலகையில் காதை வைத்தால் அந்தச் சொல் கேட்கும். பதிலை நகத்தால் தட்ட வேண்டும். ஊரில் அந்தப் பேச்சு தெரிந்தவள் பாவாயி ஒருத்திதான். நாற்பத்திரண்டு வயது. கணவன் நாமக்கல் லாரியில் டிரைவர். வடக்கே லோடு ஏற்றிக்கொண்டு போனால் திரும்பி வர மாதமாகும்.

வாக்கு என்னவென்று சொல்கிறேன். ஏழு ஆள் ஆழத்துக்குக் கீழே மனிதர்கள் கிணறு வெட்டக் கூடாது. அதற்குக் கீழே இருக்கிற ஈரம் கரையானுடையது. மயிரிழை போன்ற துளைகள் வழியாக அந்த ஈரத்தை மேலே கொண்டுவந்துதான் அது தன் பிள்ளைகள் இருக்கும் அறைகளைக் குளிர வைத்திருந்தது. அறுப்பு முடிந்தால் ஒவ்வொரு காட்டிலும் ஒரு மூலைத் தட்டையை அப்படியே விட்டுவிட வேண்டும். அது கரையான் பங்கு. பதிலுக்கு, மனிதர்கள் எந்த மரத்துக்குக் கீழே படுத்துத் தூங்குகிறார்களோ அந்த மரத்தைக் கரையான் தொடாது. தறியையும் தொடாது. யாராவது வாக்கை மீறினால் மற்றவர் ஏழு நாள் கெடு கொடுக்க வேண்டும். சொல்லாமல் எதுவும் செய்யக் கூடாது.

வேலை செய்யும் கரையானுக்கு ஆயுசு கொஞ்சம். இந்த வாக்கையெல்லாம் நினைவில் வைத்திருந்தது புற்றின் அடியில் இருந்த ஒரே ஒருத்தி. ஊரில் அவளை உள்ளாத்தா என்பார்கள். அவள் நினைத்ததைத்தான் லட்சம் தலைகளும் தட்டும்.

பாவாயி நல்லவள். யார் மனமும் நோகக் கூடாது என்று இருப்பவள். வினையே அங்கேதான் இருந்தது. ஆடி மாதம் வெள்ளிக்கிழமைகளில் பெண்கள் புற்றுக்கு ஒரு கொட்டாங்குச்சிப் பால் ஊற்றிக் கும்பிடுவார்கள். யாரும் அவர்களை ஊற்றச் சொல்லவில்லை. புற்றைக் கண்டால் நம் கை சும்மா இருக்காதே! ஒவ்வொரு ஆடியிலும் கரையான்கள் பாவாயியிடம் சொல்லும்: "வெள்ளைத் தண்ணீர் வேண்டாம். பிள்ளைகள் அறை புளித்துப்போகிறது."

"என்ன சொல்றாங்க பாவாயி?" என்று பெண்கள் ஆவலோடு கேட்பார்கள். ஈரத் தலையும் பூவுமாக, விரதம் இருந்து வந்த முகங்கள்.

"சந்தோசமுன்னு சொல்றாங்க" என்பாள் பாவாயி. ஒரு கொட்டாங்குச்சிதானே என்று நினைத்துக்கொள்வாள்.

ஊருக்குக் கரண்ட் வந்த மூன்றாம் வருஷம் அது, அறுபத்திரண்டு என்று நினைவு. வைகாசி முழுக்க ஒரு தூறல் இல்லை. ஆனியிலும் இல்லை. பாவாயியின் அண்ணன் செல்லமுத்துக்கு மஞ்சளும் கரும்புமாக ஆறு ஏக்கர். அந்தக் கிணற்றில்தான் ஊரின் முதல் மோட்டார். கிணற்று மேட்டில் கம்பி கட்டிச் சிமெண்டுத் தளம் போட்டு ஒரு மோட்டார் ரூமும் கட்டியிருந்தார். கிணறு அடி காட்டியதும், சேலத்திலிருந்து தோட்டா வெடி வைக்கிற ஆட்களைக் கூட்டிவந்து, மூன்றே நாளில் ஏழுக்கும் கீழே இரண்டு ஆள் ஆழம் இறக்கிவிட்டார். ஊரில் யாரும் கேட்கவில்லை. கேட்டால் தங்கள் காட்டுக்கு முறைத்தண்ணீர் கிடைக்காதே.

அதே ஆனியில் பாவாயியின் மகள் வசந்தாமணி தலைப்பிரசவத்துக்கு வந்திருந்தாள். அம்மாபேட்டையில் கட்டிக்கொடுத்த பெண். கால் இரண்டும் வீங்கி, எழுந்தால் மூச்சு வாங்கும். மருத்துவச்சி சின்னாயி வந்து தொட்டுப் பார்த்துவிட்டு, "பஸ்ஸு வண்டின்னு எங்கயும் தாட்டிடாதீங்க அம்மிணி. ஆடி பாதிக்குள்ள ஆயிரும். அதுவரைக்கும் அலுங்காம கெடக்கட்டும்" என்று சொல்லிப் போயிருந்தாள். வசந்தாமணி நடுவீட்டில் கட்டிலில் படுத்துக் கிடந்தாள். அவளுக்கு நேர் மேலே வீட்டின் பெரிய உத்தரம்.

ஆடி முதல் தேதி பாவாயி பலகையில் காதை வைத்தாள்.

"ஊற்று இறங்குகிறது" என்றன கரையான்கள். "பிள்ளைகள் அறை காய்கிறது. கிணறு இறங்கியதா?"

பாவாயியின் விரல் பலகைமேல் அப்படியே நின்றது. அங்கிருந்து பார்த்தால் அவள் வீட்டு ஓடு தெரியும். மகளை நினைத்தாள், உத்தரத்தை நினைத்தாள். ஏழு நாள் கெடுவையும் நினைத்தாள். பிறகு தட்டினாள்: "மழை இல்லை. அவ்வளவுதான்."

அவள் வீட்டுக்கு வந்ததும் முதல் வேலையாக முக்காலியை இழுத்துப்போட்டு ஏறி, உத்தரத்தை விரல்கணுவால் தட்டிப் பார்த்தாள். கல்போலக் கெட்டியான சத்தம்.

"என்னம்மா பண்றீங்க?"

"ஒட்டடை, சாமி. நீ தூங்கு."

அன்றிலிருந்து ஒரு நாளைக்கு நாலு தடவை அந்த வீட்டில் ஒட்டடை சேர்ந்தது.

மூன்றாம் நாள் கரையான்களே அவளைக் கூப்பிட்டன. சாய்த்து வைத்திருந்த பலகை தானாக அதிர்ந்தது.

"வெடி வைத்த மூன்று நாளும் அது எங்கள் நெற்றியில் கேட்டது. தெரிந்துதான் உன்னிடம் கேட்டோம். உன் பேச்சை நம்பித்தான் உங்கள் ஊரை நம்பினோம், பாவாயி. இன்றிலிருந்து ஏழு நாள். இரண்டு ஆள் ஆழத்தைத் தூர்த்துவிடுங்கள். இல்லையென்றால் மரம் எங்களுடையது."

அவள் ஓடியது நேரே அண்ணன் கிணற்றுக்குத்தான். செல்லமுத்து வாய்க்கால் மடையைத் திருப்பிக்கொண்டிருந்தார். பக்கத்தில் தச்சு மேஸ்திரி யாகப்பன் ஒரு கலப்பைக்குப் புது மேழி வைத்துக்கொண்டிருந்தார். யாகப்பன் சேலத்து வேதக்காரர், மாதா கோயில் கிறிஸ்தவர். தறி சரிபார்க்க வருஷா வருஷம் வந்து இரண்டு மாதம் தங்குவார். வெண்டைக்காயை ஒடித்துப் பார்ப்பது போல மரத்தைத் தட்டிப் பார்த்தே வயசு சொல்லுவார்.

பாவாயி மூச்சிரைக்கச் சொல்லி முடித்தாள். செல்லமுத்து மண்வெட்டியை ஊன்றிக்கொண்டு நின்றார்.

"தூர்க்கறதா? மஞ்ச முச்சூடும் காஞ்சு போயிருமே. ஏம் புள்ள, நீ நல்லாக் கேட்டியா?"

"கேட்டனுங்கண்ணா. ஏழு நாளுதான்."

"அதெல்லாம் பொறுத்துக்கும். வருசா வருசம் கும்புடறமல்ல? சாமின்னா பொறுக்காதா? தப்புப் பண்ணிப்போட்டா தெண்டம் வெச்சுக் கும்புட்டுக்கறதுதான். நம்ம மாரியாத்தா பொறுக்கலியா?"

"மாரியாத்தா நம்மகிட்ட வாக்கு வாங்கலீங்களேண்ணா. இவுங்க வாங்கியிருக்காங்க."

யாகப்பன் உளியை வைத்துவிட்டு நிமிர்ந்தார். "ஏனுங்க, நானு வேற வேதம், நடுவுல பேசக் கூடாதுதான். எங்க கோயில்ல பாவசங்கீர்த்தனம்னு ஒண்ணு இருக்குது. பண்ணின பாவத்தைச் சாமியார்கிட்டச் சொன்னா மன்னிப்பு உண்டு. ஆனாலும் பாருங்க, கோழி திருடுனேன்னு சொன்னா, மொதல்ல கோழியைக் கொண்டுபோய்க் குடுத்துட்டு வாடான்னுதான் அவரு சொல்லுவாரு."

"கோழியத் தின்னுபோட்டா?" என்றார் செல்லமுத்து.

"அதுக்குத்தானுங்க ஏழு நாளு கெடு. இன்னும் தின்னு முடிக்கலீங்களே."

செல்லமுத்துக்குச் சிரிப்பு வந்தது. ஆனால் தங்கையின் முகத்தைப் பார்த்ததும் அது நின்றுவிட்டது. அவருக்குப் பிள்ளை இல்லை. வசந்தாமணியைத் தோளில் போட்டு வளர்த்தது அவர்தான். "அம்மிணி கட்டலுக்கு மேலயா அந்த உத்தரம்?" என்று கேட்டார். பாவாயி தலையை ஆட்டினாள். அவர் மண்வெட்டியைக் கீழே போட்டார்.

அன்று சாயங்காலம் பாவாயி மறுபடியும் பலகைக்கு முன் உட்கார்ந்தாள். இந்தத் தடவை எதையும் மறைக்கவில்லை. பொய் சொன்னதைச் சொன்னாள். ஏன் சொன்னாள் என்பதையும் சொன்னாள்: "எனக்கும் உள்ளே ஒரு பிள்ளை அறை இருக்கிறது."

பலகையில் காதை அழுத்திக் காத்திருந்தாள். தன் நெஞ்சு அடித்துக்கொள்வதைப் பலகை வாங்கித் திருப்பிக் கொடுத்ததில், அதுதான் பதிலோ என்று இரண்டு தடவை ஏமாந்தாள். பிறகு தட்டல் வந்தது, மெதுவாக.

"மோட்டாரை நிறுத்துங்கள். மழை வரும்வரை ஓடக் கூடாது. ஊற்று தானாக ஏறும். மழைக்குப் பிறகு தூர்த்துக்கொள்ளலாம். அதுவரை கெடு இல்லை. இது உள்ளாத்தா சொன்னது."

பாவாயி பலகையைக் கட்டிக்கொண்டு அழுதாள். அன்றே செல்லமுத்து மோட்டார் ரூமைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டார். மஞ்சள் வாடட்டும் என்றார். அப்படிச் சொல்வது ஒரு குடியானவருக்கு லேசு இல்லை, கண்ணுகளா.

மறுநாள், வியாழக்கிழமை, தங்கை வீட்டுக்கு வந்து வசந்தாமணியின் தலைமாட்டில் நின்றார். அவர் கண் கலங்கியிருந்தது.

"பாவாயி, நானு பண்ணின தப்புக்கு அவுங்க பொறுத்துக்கிட்டாங்க பாரு. எனக்கு மனசு கேக்கல. நாளைக்கு வெள்ளிக்கெழமை. சின்னதா ஒரு பூசை போட்டரலாம்னு இருக்கறேன்."

"போடுங்கண்ணா" என்றாள் பாவாயி. அவள் கொட்டாங்குச்சியை நினைத்துச் சொன்னாள். எவ்வளவு பால் என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. நாலு நாளாக உத்தரத்தைத் தட்டித் தட்டி வீங்கிப்போன விரலுக்கு விளக்கெண்ணெய் தடவிக்கொண்டிருந்தாள்.

வெள்ளிக்கிழமை காலையில் வசந்தாமணிக்கு இடுப்பு வலி கண்டது. சின்னாயி இருந்தது இரண்டு மைல் தள்ளி, பக்கத்து ஊரில். ஒத்தையடித் தடத்தில் ஓட்டமும் நடையுமாகப் போய் அவளைக் கூட்டிக்கொண்டு திரும்பும்போது பாவாயிக்குப் பம்பைச் சத்தம் கேட்டது.

"என்ன விசேசம் உங்கூர்ல?" என்றாள் சின்னாயி.

"சின்னப் பூசை" என்ற பாவாயியின் கால் தானாகவே வேகமெடுத்தது. சின்னப் பூசைக்கு யாரும் பம்பை அடிப்பதில்லை. "நீங்க ஊட்டுக்குப் போங்க, அக்கா. இதோ வாரேன்."

ஊர் முழுக்கப் புற்றடியில் நின்றது. எழுபது வீட்டிலும் கறந்த பால், அந்தப் பஞ்சத்தில் பிள்ளைகளுக்குக்கூட வைக்காமல் கொண்டுவந்த பால். நாற்பது குடம். புற்றுக்கு மஞ்சள் பூசி, வேப்பிலை கட்டி, சுற்றிலும் கற்பூரம் ஏற்றி, ஏணி சாய்த்து, உச்சித் துளையில் ஊற்றியிருந்தார்கள். கடைசிக் குடத்தைச் செல்லமுத்தே கவிழ்த்துக்கொண்டிருந்தார். வேட்டி நனைந்து காலோடு ஒட்டியிருந்தது.

"ஊத்தாதீங்க! அண்ணா, ஊத்தாதீங்க!"

பம்பையில் அது யார் காதிலும் விழவில்லை. அவர் ஏணியிலிருந்து இறங்கி, தங்கையைப் பார்த்துக் கைகூப்பினார். முகமெல்லாம் சிரிப்பு. "ஆத்தா குளுந்துட்டா, பாவாயி! நாப்பது கொடமும் உள்ள வாங்கிக்கிட்டா! ஒரு சொட்டு வெளிய வல்ல!"

பாவாயி கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு போய்ப் பலகையில் காதை வைத்தாள். எப்போதும் எல்லாத் தலையும் சேர்ந்து ஒன்றாகத் தட்டும். இப்போது லட்சம் தலையும் லட்சம் விதமாக அடித்துக்கொண்டன. அதில் ஒரே ஒரு சொல்தான் அவளுக்குத் திரும்பத் திரும்பப் பிடிபட்டது: "ஆத்தா எங்கே? ஆத்தா எங்கே?"

நகம் உடையுமளவு தட்டினாள். "நான் பாவாயி. கேட்கிறதா? நான் பாவாயி."

தட்டல் குறைந்தது. பிறகு இல்லை. கொஞ்ச நேரம் கழித்து ஒரு புது ஓசை வந்தது. காய்ந்த இலைமேல் தூறல் விழுவது போல ஓயாத சின்ன ஓசை. பேச்சு இல்லை அது. மென்று தின்கிற சத்தம். அவள் காதை எடுத்துப் பார்த்தாள். பலகையின் அடி ஓரம் மாவாக உதிர்ந்துகொண்டிருந்தது.

"என்ன சொல்றாங்க பாவாயி?" என்று ஒரு பெண் கேட்டாள், வழக்கம்போல.

பாவாயி எழுந்தாள். "எல்லாரும் ஊட்டுக்குப் போயி, புள்ளைங்களை வெளிய தூக்கிக்கிட்டு வாங்க" என்றாள். "உள்ளாத்தா செத்துப்போச்சு. வாக்கு தெரிஞ்சவுங்க யாரும் இனி உள்ள இல்லை."

சிலர் நம்பினார்கள். சிலர் சிரித்தார்கள். பால் ஊற்றிச் சாமி சாகுமா என்றார்கள்.

வசந்தாமணிக்கு அன்று வந்தது பொய் வலி. மத்தியானம் தணிந்துவிட்டது. சின்னாயி, "இன்னும் ரெண்டு நாளு போகும், வெசனப்படாதீங்க" என்று அங்கேயே தங்கிவிட்டாள். பாவாயி யாகப்பனைக் கூட்டிவந்து உத்தரத்தைக் காட்டினாள். அவர் சுத்தியல் காம்பால் கோடியிலிருந்து கோடிவரை தட்டிக்கொண்டே போனார்.

"இப்போதைக்குச் சுத்தமா இருக்குதுங்க. நல்ல வேங்கை. லேசுல விடாது."

"வெளிய களத்துல கொண்டுபோய்ப் போட்டரலாமா, மேஸ்திரி?"

"இந்த வெயில்லயா?" என்றாள் சின்னாயி. "காலு வீக்கம் இருக்கறவளை வெட்டவெளியில போட்டா வலிப்பு வந்துரும். இப்படியே கெடக்கட்டும், பார்த்துக்கலாம்."

சனிக்கிழமை மேற்குத் தெருவில் ஒரு தறி உட்கார்ந்துவிட்டது. நெய்துகொண்டிருந்தவர் மிதியை அமுக்கினார், அமுங்கியது திரும்பி எழவில்லை. அதன் பிறகு ஊரில் யாரும் சிரிக்கவில்லை. ஆளாளுக்குக் கதவைத் தட்டினார்கள், நிலைச்சட்டத்தைத் தட்டினார்கள், தாழ்வாரத்துத் தூணைத் தட்டினார்கள். எல்லா வீட்டிலும் டொக் டொக்கென்று அதே சத்தம். விருந்தாளி வராத வீடுகளில் வீட்டுக்காரரே கதவைத் தட்டிக்கொண்டு நின்றதை நினைத்துப் பாருங்கள்.

குழந்தையைப் பற்றித்தானே உங்கள் கவலையெல்லாம்? தெரிகிறது. சித்தே பொறுங்கள்.

ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் யாகப்பன் வந்துவிட்டார்.

"பூசைக்குப் போகலீங்களா?" என்றாள் பாவாயி.

"இன்னிக்குக் கோயிலு இந்த உத்தரத்துக்குக் கீழதானுங்க. முழங்கால் போட நேரமில்லை, ஏணியில நின்னுக்கிட்டே மாதாகிட்டச் சொல்லிக்கறேன்."

ஏறித் தட்டினார். கிழக்குக் கோடியில் கெட்டிச் சத்தம். நடுவில் கெட்டிச் சத்தம். மேற்குக் கோடியில், சுவருக்குள் செருகியிருந்த இடத்தில், காலிப் பானையைத் தட்டினாற்போலக் கேட்டது. யாகப்பன் அதே இடத்தை இன்னொரு தடவை தட்டவில்லை. மெதுவாக இறங்கினார்.

அதே நேரத்தில் வசந்தாமணி கட்டில் சட்டத்தை இறுகப் பிடித்துக்கொண்டு, "அம்மா" என்றாள். சின்னாயி பார்த்துவிட்டு, "பொய்யில்லீங்க. பனிக்குடம் ஒடைஞ்சிருச்சு" என்றாள்.

"எங்க போறது? மரமில்லாத ஊடு எங்க இருக்குது இந்த ஊர்ல?" பாவாயி தலையில் கையை வைத்துக்கொண்டாள்.

யாகப்பன் ஒரு நிமிஷம் யோசித்தார். மரம் இல்லாத கட்டடத்தைத் தச்சனைப் போல வேறு யாரால் நினைவில் வைத்திருக்க முடியும்? அவருக்கு அங்கே வேலை கிடைக்காமல் போயிருக்குமே. "மோட்டார் ரூமு" என்றார். "சிமெண்டுத் தளம், தகரக் கதவு, இரும்பு சன்னல். அதுல எனக்கு ஒரு ஆணி அடிக்கற சோலிகூட உங்கண்ணன் குடுக்கலீங்க."

கட்டிலோடு தூக்க நாலு பேர் பிடித்தார்கள். தூக்கியதும் கட்டிலின் நாலு காலும் தரையிலேயே நின்றன. நின்றவை ஒவ்வொன்றாகப் பொடிந்து விழுந்தன. வசந்தாமணியை ஜமுக்காளத்துக்கு மாற்றி, மூலைக்கு ஒருவராகப் பிடித்துக்கொண்டு நடந்தார்கள். வரப்பு, வாய்க்கால், வாடிய மஞ்சள் காடு. பாவாயி முன்னால் ஓடி அண்ணனைக் கூப்பிட்டாள். செல்லமுத்து ஓடி வந்தார். இடுப்பிலிருந்து சாவியை எடுத்தார். அவசரத்தில் அதைத் தலைகீழாகச் செருகினார். பின்னாலிருந்து யாகப்பன் வாங்கித் திறந்தார்.

சின்ன அறை. நடுவில் பச்சைப் பெயிண்ட் அடித்த மோட்டார் தரையில் போல்ட்டு போட்டு உட்கார்ந்திருந்தது. அதற்கும் சுவருக்கும் நடுவே ஒரு ஆள் படுக்கிற இடந்தான். ஜமுக்காளத்தை விரித்தார்கள். ஆண்கள் வெளியே வந்துவிட்டார்கள்.

ஊர்ப்பக்கமிருந்து முதல் சத்தம் அப்போதுதான் வந்தது. ஓடுகள் மொத்தமாகச் சரிகிற சத்தம். செம்புழுதி எழும்பியது. "எங்க ஊடுதான்" என்றார் செல்லமுத்து. ஒரு தடவை திரும்பிப் பார்த்தார். பிறகு தகரக் கதவுக்கு முதுகைக் கொடுத்து உட்கார்ந்துகொண்டார். சத்தங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டே இருந்தன. ஒவ்வொன்றுக்கும் யாராவது, "இது அந்த ஊடு" என்றார்கள். பிள்ளைகளையெல்லாம் களத்தில் உட்கார வைத்து மூன்று தடவை எண்ணியாயிற்று. ஒரு தலை குறையவில்லை.

உள்ளே பாவாயி மகளின் தலையை மடியில் வைத்திருந்தாள். வசந்தாமணி கத்தும்போதெல்லாம் அவள் கண் மேலே போகும். சாம்பல் நிறத் தளம். தட்டிப் பார்க்க வேண்டியதில்லை என்று தெரிந்தும், ஒரு கை சுவரைத் தட்டிக்கொண்டே இருந்தது.

"கையை வெச்சுக்கிட்டுச் சும்மா இருங்க, அம்மிணி" என்று சின்னாயி அதட்டினாள். "எனக்கே பயமா இருக்குது."

பொழுது சாயும் நேரத்தில் குழந்தை பிறந்தது. பெண். நல்ல எடை, நல்ல குரல். முதலில் அழுதது யார் என்று வெளியே இருந்தவர்களுக்குத் தெரியவில்லை, ஏனென்றால் செல்லமுத்தும் அழுதார். பாருங்கள், அதற்குள் உங்கள் முகத்தில் எவ்வளவு வெளிச்சம்! ஆனால் கதை இன்னும் கொஞ்சம் இருக்கிறது.

மறுநாள் காலையில் களத்தில் தங்கியிருந்த பெண்கள் குழந்தையைப் பார்க்க வந்தார்கள். வீடு இழந்தவர்கள்தான், ஆனாலும் ஆளுக்கு ஒன்று கொண்டுவந்தார்கள். கொஞ்சம் கருப்பட்டி, ஒரு பழைய சேலைத்துணி. "உன்னாலதான் பொழைச்சோம் பாவாயி. நீ சொல்லலைன்னா புள்ளைங்க உள்ள இருந்திருக்கும்" என்றார்கள்.

பாவாயியால் அதைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்க முடியவில்லை.

"வருசா வருசம் அவுங்க பாலு வேண்டாம்னுதான் சொன்னாங்க" என்றாள். "புள்ளைங்க அறை புளிக்குதுன்னு சொன்னாங்க. நாந்தான் உங்ககிட்டச் சொல்லல. சந்தோசமுன்னு சொன்னேன்."

குழந்தை சப்புக்கொட்டியது.

"ஏன் சொல்லல?" என்று கேட்டவள் வயதில் மூத்தவள், ராமாத்தாள். அவள் குரலில் கோபத்தைவிடக் குழப்பம்தான் இருந்தது. "ஒரு வார்த்த சொல்லியிருந்தா நாங்க ஊத்தியிருப்பமா?"

"உங்களுக்கு மனசு நோகுமேன்னு…"

"எங்க மனசு அத்தன பெருசாடி?" என்றாள் ராமாத்தாள். கொண்டுவந்த கருப்பட்டியைக் குழந்தையின் பக்கத்தில் வைத்தாள். பாவாயியின் கையில் கொடுக்கவில்லை. மற்றவர்களும் அப்படியே வைத்துவிட்டுப் போனார்கள்.

செல்லமுத்து எல்லாவற்றையும் கதவுக்கு வெளியே நின்று கேட்டிருந்தார். இடிந்த தன் வீட்டுக்குப் போனார். விழுந்த சுவர் மண்ணைக் கூடையில் அள்ளிக்கொண்டு வந்து கிணற்றில் கொட்டினார். திரும்பிப் போனார். இன்னொரு கூடை. பத்துக் கூடை ஆனதும் யாகப்பன் பொறுக்க முடியாமல் பக்கத்தில் போனார்.

"யாருக்குங்க இது? ரெண்டு ஆள் ஆழம் தூர்க்க மாசக்கணக்குல ஆகும். தூர்த்தாலும் சரின்னு சொல்றதுக்கு அங்க ஆளில்லீங்களே."

"அதுதான் பயமா இருக்குது, மேஸ்திரி" என்றார் செல்லமுத்து. "ஆளு இருந்தா கெடு குடுப்பாங்க."

யாகப்பன் தன் கருவிப் பெட்டியைத் திறந்தார். பெட்டி இற்று விழுந்தது, இரும்பெல்லாம் தரையில் சிதறியது. அவர் சிரித்துவிட்டு, காம்பில்லாத மண்வெட்டி ஒன்றைத் தேடிக்கொண்டு போனார்.

மோட்டார் ரூமுக்குள் குழந்தை தூங்கியது. பாவாயி தூங்கவில்லை. குழந்தையின் பக்கத்தில் ஒருக்களித்துப் படுத்து, ஒரு காதைச் சிமெண்டுத் தரையில் வைத்திருந்தாள். ஒவ்வொரு கூடை மண் தண்ணீரில் விழும்போதும் தரை லேசாக அதிர்ந்தது. அதைத் தவிர வேறு எதுவும் கேட்கவில்லை. எதுவும் கேட்காதது நல்லதா கெட்டதா என்று சொல்ல, அவளைத் தவிர ஊரில் யாரும் இல்லை. அவளுக்கும் அது தெரியவில்லை.

அவ்வளவுதான், கண்ணுகளா. கையை விட்டுவிடுங்கள், ரத்தம் ஓடட்டும். உங்கள் வீட்டுக் கிணற்றில் ஊற்று வற்றாமல் இருக்கட்டும். உங்கள் வீட்டில் ஒருவர் சொன்ன சொல் மற்றவர் காதுக்குச் சொன்னபடியே போய்ச் சேரட்டும். தொட்டிலில் கிடப்பது கூரையைப் பார்த்துச் சிரிக்கட்டும்; அந்தக் கூரை அதன் பேரப்பிள்ளைகள் காலம்வரை நிற்கட்டும். பத்திரமாகப் போய்ச் சேருங்கள், சாமி. நல்லா இருங்கள்.